முதல் ஆணையைத் தேடி எடுங்கள்: பல்கலைக்கழகப் பணியாளர்களின் கேள்விகளும் பதில்களும்

பணி வரன்முறை (தற்காலிகப் பணியை நிரந்தரமாக்குதல்), பதவி உயர்வு ஆகியவை குறித்துப் பல்கலைக்கழகப் பணியாளர்களிடமிருந்து வந்த கடிதங்கள் சேர்ந்துவிட்டதால், இந்த இதழின் பகுதியை அவர்களுக்கே ஒதுக்கியிருக்கிறோம். எழுதியவர்களில் பெரும்பாலோர் இன்னும் பணியில் இருப்பதால் பெயரையும் பல்கலைக்கழகத்தையும் குறிப்பிடவில்லை.

கேள்வி: அரசுப் பல்கலைக்கழகம் ஒன்றின் தேர்வுப் பிரிவில் 1995 ஜூன் முதல் பணியாற்றுகிறேன். முதலில் தினக்கூலி, 2008 முதல் தொகுப்பூதியம். தொடக்கத்தில் 89 நாட்களுக்கு ஓர் ஆணை தருவார்கள். 90ஆம் நாளைப் பணி முறிவு என்று எழுதிவிட்டு மறுநாள் புதிய ஆணை வரும். அந்த 90ஆம் நாளிலும் விடைத்தாள் கட்டுகளை எண்ணி அடுக்கிக்கொண்டுதான் இருந்தேன். வருகைப் பதிவேட்டில் மட்டும் என் கையெழுத்து இராது. உமாதேவி வழக்கின் தீர்ப்பு இருப்பதால் நிரந்தரம் செய்ய இயலாது என்று பதிவாளர் அலுவலகம் இப்போது பதில் அனுப்பியிருக்கிறது. எனக்கு வழியே இல்லையா?

பதில்: வழி இருக்கிறது. உங்கள் அலுவலகம் மேற்கோள் காட்டும் தீர்ப்பிலேயே அந்த வழி இருக்கிறது என்பதுதான் வேடிக்கை. கர்நாடக அரசு எதிர் உமாதேவி வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசியல் சாசன அமர்வு 2006 ஏப்ரல் 10 அன்று தீர்ப்பளித்தது. அரசுப் பணிக்கான வாய்ப்பு எல்லாருக்கும் சமமாகத் திறந்திருக்க வேண்டும் என்பதால், விளம்பரமும் தேர்வும் இன்றிப் பின்வாசல் வழியாக நுழைந்தவர்கள், நெடுங்காலம் பணியாற்றினோம் என்ற ஒரே காரணத்தைக் காட்டி நிரந்தரம் கேட்க முடியாது என்பது அதன் முதன்மையான முடிவு. அலுவலகங்கள் இந்த இடத்தோடு படிப்பதை நிறுத்திவிடுகின்றன. அதே தீர்ப்பின் 53ஆம் பத்தியில், உரிய கல்வித் தகுதியுடன், அனுமதிக்கப்பட்ட காலிப் பணியிடத்தில், நீதிமன்றத்தின் இடைக்கால உத்தரவுகளின் துணையின்றிப் பத்தாண்டுகளோ அதற்கு மேலோ பணியாற்றியவர்களை ஒருமுறை நடவடிக்கையாக வரன்முறை செய்ய வேண்டும் என்றும், அதற்கான பணியை ஆறு மாதத்திற்குள் தொடங்க வேண்டும் என்றும் நீதிபதிகள் கூறியிருக்கிறார்கள்.

நீங்கள் சேர்ந்தது 1995 ஜூன். 2006 ஏப்ரலில் உங்களுக்குப் பத்தாண்டுகளும் பத்து மாதங்களும் நிறைந்திருந்தன. உங்கள் பல்கலைக்கழகம் அப்போது அந்த ஒருமுறை நடவடிக்கையை மேற்கொள்ளவே இல்லையென்றால், அல்லது மேற்கொண்டும் உங்கள் பெயரைப் பரிசீலிக்காமல் விட்டிருந்தால், அந்தத் தவறின் சுமை உங்கள் தலையில் விழாது. கேசரி வழக்கில் 2010இல் உச்ச நீதிமன்றம், தகுதியுள்ள அனைவரையும் பரிசீலித்து முடிக்கும் வரை அந்த நடவடிக்கை முடிந்ததாகக் கருத முடியாது என்று தெளிவாக்கியது.

இனி உண்மையான சிக்கலுக்கு வருவோம். நீதிமன்றம் கேட்கப்போகும் முதல் கேள்வி நீங்கள் எத்தனை ஆண்டு உழைத்தீர்கள் என்பதன்று. எப்படி உள்ளே வந்தீர்கள், வந்த அன்று அந்த நாற்காலி அனுமதிக்கப்பட்ட பணியிடமாக இருந்ததா என்பதே. தகுதியும் பணியிடமும் இருந்து தேர்வு நடைமுறையில் மட்டும் குறை இருந்தால் அது ஒழுங்கற்ற நியமனம். தகுதியோ பணியிடமோ இல்லையென்றால் அது சட்டவிரோத நியமனம். முன்னதைச் சீர்செய்யலாம், பின்னதற்கு உமாதேவி தீர்ப்பு இடம் தரவில்லை. எனவே 1995ஆம் ஆண்டின் உங்கள் முதல் ஆணையைத் தேடி எடுங்கள். வேலைவாய்ப்பு அலுவலகப் பட்டியல் வழியாக வந்தீர்களா, நேர்காணல் நடந்ததா, ஊதியம் எந்தச் செலவினத் தலைப்பில் வழங்கப்பட்டது என்பவற்றை அந்த ஒரு தாள் சொல்லிவிடும். அது உங்களிடம் இல்லையென்றால் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்படி மனுச் செய்யுங்கள். 30 நாட்களுக்குள் பதில் தரப்பட வேண்டும். அதே மனுவில், தேர்வுப் பிரிவுக்கு 1995 முதல் ஆண்டுவாரியாக அனுமதிக்கப்பட்ட இளநிலை உதவியாளர் பணியிடங்கள் எத்தனை, அவற்றில் காலியாக இருந்தவை எத்தனை என்றும் கேளுங்கள். ‘என்னை ஏன் நிரந்தரம் செய்யவில்லை’ என்று மட்டும் கேட்காதீர்கள். அது தகவல் கேட்பதாகாது. ஒருவரியில் திருப்பி அனுப்பிவிடுவார்கள்.

89 நாள் ஆணைகளைப் பற்றி நீங்கள் அளவுக்கு மீறிக் கவலைப்பட வேண்டாம். ஒரு நாள் இடைவெளி செயற்கையாக உண்டாக்கப்பட்டது என்று காட்ட முடிந்தால் தொடர்ச்சி அறுந்ததாக நீதிமன்றங்கள் பொதுவாகக் கொள்வதில்லை. அந்த நாளில் நீங்கள் கையொப்பமிட்ட கட்டு ஒப்படைப்புச் சீட்டு ஒன்றேனும் கிடைத்தால், பக்கம் பக்கமான பிரமாண வாக்குமூலத்தைவிட அதற்கு மதிப்பு அதிகம்.

உங்களுக்குப் பயன்படக்கூடிய பல்கலைக்கழக வழக்கு ஒன்றும் இருக்கிறது. பீகாரில் லலித் நாராயண் மிதிலா பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த கல்லூரி ஒன்றில் 1983இல் முதல்வரால் தினக்கூலியாக அமர்த்தப்பட்ட இரவுக் காவலரின் பணியை வரன்முறை செய்யுமாறு உச்ச நீதிமன்றம் 2015இல் உத்தரவிட்டது. அண்மைத் தீர்ப்புகளின் போக்கு இன்னும் இளகியிருக்கிறது. மத்திய நீர் ஆணையத்தில் துப்புரவு முதலிய பணிகளைப் பல்லாண்டுகளாகச் செய்தவர்களின் ஜக்கோ வழக்கில், 2024 டிசம்பர் 20 அன்று, நிரந்தரத் தன்மையுள்ள வேலையைத் தற்காலிகம் என்ற பெயரில் வாங்கிக்கொண்டு உமாதேவி தீர்ப்பைக் கேடயமாகப் பிடிக்கும் வழக்கத்தை உச்ச நீதிமன்றம் கடுமையாகக் கண்டித்தது.

நீதிப்பேராணை (ரிட்) மனுவில் மாற்றுக் கோரிக்கை ஒன்றையும் சேர்க்கச் சொல்லுங்கள். நிரந்தரம் மறுக்கப்பட்டாலும், நிரந்தர ஊழியர் செய்யும் அதே வேலையைச் செய்பவருக்கு அந்தப் பதவியின் ஊதிய விகிதத்தின் குறைந்தபட்ச அளவை வழங்க வேண்டும் என்பது ஜக்ஜித் சிங் வழக்கில் 2016இல் உறுதியான சட்டம். வரன்முறைக் கோரிக்கையில் தோற்றவர்கள் இந்தக் கோரிக்கையை எழுதாமல் விட்டதால் வெறுங்கையுடன் திரும்பியதைப் பலமுறை கண்டிருக்கிறேன்.

கேள்வி: நான் 1999இல் தினக்கூலியாகச் சேர்ந்தேன். அரசுத் துறையில் இருக்கும் என் உறவினர் அரசாணை 22இன்படி நிரந்தரமாகிவிட்டார். அதே ஆணையைக் காட்டி நானும் கேட்கலாமா?

பதில்: பணியாளர் மற்றும் நிர்வாகச் சீர்திருத்தத் துறையின் அரசாணை (நிலை) எண் 22, நாள் 28.02.2006, 1.1.2006 அன்று பத்தாண்டு முடித்த தினக்கூலிப் பணியாளர்களுக்கானது. முழுநேரத் தினக்கூலிகளுக்கே அது பொருந்தும் என்று 27.06.2013 நாளிட்ட அரசாணை 74 பின்னர் அதைச் சுருக்கியது. உங்களுக்கு அந்த நாளில் ஏழாண்டுகூட நிறைந்திருக்காது. மேலும், அரசுத் துறைகளுக்கான ஆணை பல்கலைக்கழகத்திற்குத் தானாகப் பாயாது. பல்கலைக்கழகத்தின் ஆட்சிக்குழு (சிண்டிகேட்) அதைத் தீர்மானம் நிறைவேற்றி ஏற்றிருக்க வேண்டும்.

ஆகவே அந்த ஆணையை உங்கள் மனுவின் அடித்தளமாக வைக்காதீர்கள். உங்களுக்குப் பொருத்தமானது 2025 ஆகஸ்ட் 19 அன்று வந்த தரம் சிங் வழக்கின் தீர்ப்பு. உத்தரப் பிரதேச உயர்கல்விப் பணிகள் ஆணையத்தில் 1989க்கும் 1992க்கும் இடையில் தினக்கூலியாகச் சேர்ந்தவர்களுக்குப் பணியிடம் உருவாக்க, நிதி நெருக்கடியைக் காரணம் காட்டி அந்த மாநில அரசு மறுத்துவந்தது. அன்றாடம் தேவைப்படும் அடிப்படை வேலையைச் செய்பவர்களின் முதுகில் அரசு தன் வரவு செலவைச் சரிக்கட்டக் கூடாது என்ற கருத்தில், தேவையானால் கூடுதல் பணியிடங்களை உருவாக்கியேனும் அவர்களை 2002 முதல் வரன்முறை செய்யுமாறு உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. பணியிடமே இல்லை என்று பல்கலைக்கழகம் சொல்லும்போது இந்தத் தீர்ப்பு கைகொடுக்கும். ஆனால் அதை எல்லாருக்கும் பொதுவான உரிமைச் சீட்டாக நினைக்க வேண்டாம். இடைவிடாத பணி, நிலையான தேவை, பணியிடம் கேட்டுப் பல்கலைக்கழகமே அரசுக்கு எழுதிய கடிதங்கள் ஆகியவை உங்கள் வழக்கிலும் இருந்தால்தான் அது பயன்படும். அந்தக் கடிதங்களின் நகலைக் கேட்டுப் பெறுங்கள். அரசு நிதி ஒப்புதல் தரவில்லை என்று பல்கலைக்கழகம் தன் பதிலில் எழுதியிருந்தால், பணியிடத் தேவையை அது தானே ஒப்புக்கொண்டதாகிவிடும்.

கேள்வி: 240 நாள் வேலை செய்தால் நிரந்தரம் என்கிறார்களே?

பதில்: இல்லை. 1947ஆம் ஆண்டின் தொழில் தகராறுகள் சட்டத்திலிருந்து பிறந்த கணக்கு அது. அறிவிப்பும் இழப்பீடும் இன்றி ஆட்குறைப்புச் செய்யக் கூடாது என்பதற்கான பாதுகாப்பே தவிர, நிரந்தரத்திற்கான சான்று அன்று. 24 மாதங்களில் 480 நாட்கள் என்பது 1981ஆம் ஆண்டின் தமிழ்நாடு நிரந்தரத் தகுதி வழங்கும் சட்டத்தின் கணக்கு. எந்தெந்த நிறுவனங்களுக்குப் பொருந்தும் என்று அந்தச் சட்டமே வரையறுத்திருக்கிறது. பல்கலைக்கழக அலுவலகம் அதில் தானாக அடங்கிவிடாது. ஆசிரியர்களைப் பொறுத்தவரை அவர்கள் ‘தொழிலாளர்’ என்ற வரையறைக்குள் வரமாட்டார்கள் என்று 1988இலேயே உச்ச நீதிமன்றம் முடிவு சொல்லிவிட்டது.

கேள்வி: எனக்குப் பின்னால் பணியில் சேர்ந்தவருக்கு 2019இல் கண்காணிப்பாளர் பதவி உயர்வு கொடுத்துவிட்டார்கள். அன்றிலிருந்து ஐந்து முறை மனுக் கொடுத்தேன். 2024இல்தான் ‘பரிசீலிக்க இயலாது’ என்று பதில் வந்தது. அந்தப் பதிலின் நாளிலிருந்து காலத்தைக் கணக்கிட்டு வழக்குத் தொடரலாமா?

பதில்: தொடரலாம், ஆனால் நிலைப்பது கடினம் என்பதை மறைக்க விரும்பவில்லை. சதாசிவசாமி எதிர் தமிழ்நாடு அரசு என்ற வழக்கில், இளையவர் தம்மைத் தாண்டிச் சென்றதை எதிர்ப்பவர் ஆறு மாதத்திற்குள், மிஞ்சினால் ஓராண்டிற்குள் நீதிமன்றத்திற்கு வர வேண்டும் என்று 1974இல் உச்ச நீதிமன்றம் கூறியதைச் சென்னை உயர் நீதிமன்றத்திலும் மதுரைக் கிளையிலும் எதிர்த் தரப்பு வழக்கறிஞர்கள் தவறாமல் எடுத்துப் படிப்பார்கள். மனுவுக்கு மேல் மனுக் கொடுப்பதால் காலம் நீள்வதில்லை. பழைய கோரிக்கைக்குத் தாமதமாகக் கிடைத்த பதில் அதற்குப் புத்துயிர் தராது என்பதும் சி. ஜேக்கப் வழக்கில் 2008இல் முடிவான செய்தி. ஊதியக் குறைவு, ஓய்வூதியக் குறைவு போன்றவை மாதந்தோறும் தொடரும் தவறுகள் என்பதால் அங்கே தாமதத்தை ஓரளவு பொறுத்துக்கொள்வார்கள். பதவி உயர்வு அப்படியன்று. உங்களுக்கு அதைக் கொடுத்தால் இடையில் உயர்ந்த மற்றவர்களின் இடம் கலையும்.

இருந்தாலும் கோப்பை மூடுவதற்கு முன் இரண்டு செய்திகளைச் சரிபாருங்கள். முதலாவது, 2019 பதவி உயர்வுக்கு முன் தற்காலிகப் பணிமூப்புப் பட்டியல் சுற்றறிக்கையாக உங்கள் மேசைக்கு வந்ததா என்பது. வந்து, ஓரத்தில் கையொப்பமிட்டுவிட்டு ஆட்சேபணை எழுதாமல் இருந்திருந்தால் கதவு ஏறத்தாழ மூடிவிட்டது. பட்டியலே சுற்றுக்கு விடப்படவில்லையென்றால், அல்லது இன்றுவரை இறுதிப் பட்டியல் வெளியாகவில்லையென்றால், தாமதத்திற்கு விளக்கம் சொல்ல இடமுண்டு. இரண்டாவது, பதவி உயர்வுக்குக் குறித்த நாளில் கணக்குத் தேர்வு போன்ற துறைத் தேர்வில் நீங்கள் தேர்ச்சி பெற்றிருந்தீர்களா என்பது. இதை வழக்கறிஞரிடம் மறைத்துவிட்டு வழக்குப் போடுபவர்கள், பல்கலைக்கழகத்தின் பதிலுரை வந்த நாளில் தலைகுனிகிறார்கள்.

பதவி உயர்வுக்குப் பரிசீலிக்கப்படுவது அடிப்படை உரிமை. பதவி உயர்வே உரிமையாகாது. அஜித் சிங் வழக்கில் 1999இல் அரசியல் சாசன அமர்வு வகுத்த வேறுபாடு இது. ஆகவே உங்கள் பெயர் பரிசீலனைக்கே எடுத்துக்கொள்ளப்படவில்லை என்பதுதான் உங்கள் வாதத்தின் நடுநாயகமாக இருக்க வேண்டும். வழக்குத் தொடுத்தால் அந்த இளையவரையும் எதிர்மனுதாரராகச் சேர்க்கத் தவறாதீர்கள். பக்கத்து மேசையில் இருப்பவரை எப்படிச் சேர்ப்பது என்ற தயக்கத்திலேயே நல்ல வழக்குகள் தள்ளுபடியாகியிருக்கின்றன.

கேள்வி: என் மீது ஒரு புகார் குறித்து முதற்கட்ட விசாரணை நடக்கிறது, குற்றக் குறிப்பாணை (சார்ஜ் மெமோ) இன்னும் தரப்படவில்லை. அதைக் காரணம் காட்டி உதவிப் பதிவாளர் பதவி உயர்வுப் பட்டியலிலிருந்து என்னை விலக்கலாமா?

பதில்: ஜானகிராமன் வழக்கில் 1991இல் வந்த தீர்ப்பின்படி, குற்றக் குறிப்பாணை வழங்கப்பட்ட பிறகே ஒழுங்கு நடவடிக்கை தொடங்கியதாகக் கொள்ள வேண்டும், தேர்வுக் குழுவின் முடிவை நடவடிக்கை முடியும்வரை வெளியிடாமல் முத்திரையிட்ட உறையில் வைக்கும் முறைக்கும் அதன்பின்தான் இடம். வெறும் விசாரணை போதாது. உங்கள் பல்கலைக்கழகத்தின் பணி விதிகளில் இது குறித்துத் தனி விதி இருக்கிறதா என்று பார்த்துவிட்டு, தேர்வுக் குழு கூடுவதற்கு முன்பே இந்தத் தீர்ப்பைச் சுட்டிப் பதிவாளருக்கு எழுத்துப்பூர்வமாகத் தெரிவித்துவிடுங்கள். குழு கூடி முடிந்தபின் எழுதினால் அது வெறும் புலம்பலாகிவிடும்.

கேள்வி: 2016இல் உதவிப் பேராசிரியராக நிரந்தரப் பணியில் சேர்ந்தேன், முனைவர் பட்டம் முன்பே பெற்றிருந்தேன். அதற்கு முன் மூன்றாண்டுகள் ஒரு கல்லூரியில் தொகுப்பூதியத்தில் கற்பித்தேன். 2020இல் பணி மேம்பாட்டுத் திட்டத்தின்கீழ் விண்ணப்பித்தும், தேர்வுக் குழு 2024இல்தான் கூடியது. முதல் நேர்காணலிலேயே தேர்ச்சி பெற்ற எனக்கு 2024 முதல்தான் உயர்வு தந்திருக்கிறார்கள். முந்தைய மூன்றாண்டுகளையும் சேர்க்க மறுக்கிறார்கள்.

பதில்: உங்கள் இரண்டு குறைகளில் ஒன்று வலுவானது, மற்றது வலுவற்றது. முதலில் வலுவானதைச் சொல்கிறேன். பல்கலைக்கழக மானியக் குழுவின் 2018 ஜூலை ஒழுங்குமுறைகளின்படி, முனைவர் பட்டம் பெற்ற உதவிப் பேராசிரியர் 10ஆம் ஊதிய நிலையிலிருந்து 11ஆம் நிலைக்குச் செல்ல நான்கு ஆண்டுப் பணி போதும். குறைந்தபட்சத் தகுதிக் காலம் முடிந்ததும் விண்ணப்பித்து, மதிப்பீட்டில் வெற்றி பெற்றவருக்கு, அந்தத் தகுதிக் காலம் நிறைந்த நாளிலிருந்தே உயர்வு பெற்றதாகக் கருத வேண்டும் என்று அதே ஒழுங்குமுறைகள் சொல்கின்றன. முதல் மதிப்பீட்டில் வெற்றி பெறாமல் மறுமுறை வெற்றி பெற்றவருக்குத்தான் பிந்தைய நாள் பொருந்தும். துணைவேந்தர் பதவி காலியாக இருந்ததும் குழு கூடாததும் உங்கள் குற்றமன்று. 2020 விண்ணப்பத்தின் ஒப்புகைச் சீட்டு உங்களிடம் இருந்தால், நாளைத் திருத்தக் கோரி உடனே மனுக் கொடுங்கள். இரண்டு மூன்று மாதங்களில் பதில் வராவிட்டால் உயர் நீதிமன்றத்தை அணுகுங்கள்.

முந்தைய மூன்றாண்டுகளின் நிலை வேறு. தற்காலிக, ஒப்பந்தப் பணியைக் கணக்கில் சேர்க்க அந்த ஒழுங்குமுறைகளின் 10ஆம் விதி நிபந்தனைகளை விதிக்கிறது. குறிப்பிட்ட பதவிக்குரிய கல்வித் தகுதி அப்போதே இருந்திருக்க வேண்டும். முறையாக அமைக்கப்பட்ட தேர்வுக் குழுவின் பரிந்துரையால் நியமிக்கப்பட்டிருக்க வேண்டும். பெற்ற மொத்த ஊதியம் நிரந்தர உதவிப் பேராசிரியரின் மாத மொத்த ஊதியத்திற்குக் குறையாதிருக்க வேண்டும். தொகுப்பூதியத்தில் இருந்தவர்கள் பெரும்பாலும் தடுக்கி விழுவது இந்தக் கடைசிப் படியில்தான். குறைந்த ஊதியம் கொடுத்ததே அநீதி. அந்த அநீதியையே காரணமாக்கிப் பணிக்காலத்தையும் மறுப்பது இரட்டை அநீதி என்பது என் எண்ணம். குஜராத்தில் ஒப்பந்த உதவிப் பேராசிரியர்களுக்கு நிரந்தரப் பதவியின் குறைந்தபட்ச ஊதிய விகிதத்தை வழங்குமாறு 2025 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டதைக் காட்டி வாதிட்டுப் பார்க்கலாம். ஆனால் விதி இன்று உள்ளபடி உள்ளவரை இந்தக் கோரிக்கையை முதலாவதோடு ஒரே மனுவில் பிணைக்காதீர்கள். வலுவற்றது வலுவானதையும் தன்னோடு இழுத்துக்கொண்டு போகும்.

கேள்வி: என் வரன்முறைக் கோரிக்கையை எட்டு வாரங்களில் பரிசீலிக்குமாறு உயர் நீதிமன்றம் உத்தரவிட்டது. பல்கலைக்கழகம் பதினாறாம் வாரம் ஒரே பத்தியில் நிராகரித்துவிட்டது. நீதிமன்ற அவமதிப்பு வழக்குப் போடலாமா?

பதில்: ‘வரன்முறை செய்க’ என்பது வேறு, ‘பரிசீலித்து உத்தரவிடுக’ என்பது வேறு. உங்களுக்குக் கிடைத்தது இரண்டாவது. தாமதமானாலும் அவர்கள் பரிசீலித்துவிட்டதாகவே நீதிமன்றம் கொள்ளும். முடிவு உங்களுக்குப் பாதகமானது என்பதால் அவமதிப்பு ஆகாது. தீர்ப்பு வந்த அன்று இனிப்பு வாங்கிக் கொடுத்த நண்பர்களுக்கு இந்த வேறுபாட்டை விளக்குவது சற்றுச் சங்கடமான வேலைதான். நிராகரிப்பு ஆணையை எதிர்த்துப் புதிய நீதிப்பேராணை மனுத் தாக்கல் செய்வதே சரியான வழி. உங்கள் மனுவில் எழுப்பிய கருத்துகளுக்கு அந்த ஒரு பத்தியில் பதில் இல்லையென்றால், காரணம் கூறாத ஆணை என்ற ஒன்றே அதை ரத்து செய்யப் போதுமானது. ஆனால் அதோடு நின்றால் மறுபடியும் ‘பரிசீலிக்க’ அனுப்பிவிடுவார்கள். இந்த முறை ஆவணங்கள் அனைத்தையும் இணைத்து, வரன்முறை செய்யுமாறு நேரடி உத்தரவு கேளுங்கள். ஒருவேளை உங்களுக்குக் கிடைத்தது முதல் வகை உத்தரவாக இருந்திருந்தால், அவமதிப்பு மனுவுக்கு ஓராண்டுதான் காலம் என்பதையும் இதே நிலையில் உள்ள மற்ற வாசகர்கள் குறித்துக்கொள்ளலாம்.

கேள்வி: என் தந்தை பல்கலைக்கழகத் தோட்டப் பிரிவில் 1988 முதல் தினக்கூலி. 2008இல் நிரந்தரமானார். இன்னும் எட்டு மாதத்தில் ஓய்வு பெறுகிறார். பங்களிப்பு ஓய்வூதியத் திட்டத்தில்தான் வருவார் என்கிறார்கள். இருபது ஆண்டு உழைப்பு கணக்கில் வராதா, ஐயா?

பதில்: தமிழ்நாட்டில் 1.4.2003 அன்றும் அதன் பின்னும் பணியில் சேர்ந்தவர்களுக்குப் பங்களிப்புத் திட்டம் என்பதால், உங்கள் தந்தையின் வழக்கு முழுவதும் அந்த நாளின் எந்தப் பக்கத்தில் அவர் நிற்கிறார் என்பதைப் பொறுத்தது. 2008 ஆணை அவரைப் பின்பக்கத்தில் நிறுத்துகிறது. அவரோடு 1988ஐ ஒட்டிச் சேர்ந்த வேறு தோட்டப் பணியாளர் யாரேனும் 2003க்கு முன் வரன்முறை செய்யப்பட்டிருந்தால், அந்த நாளிலிருந்து தன்னையும் வரன்முறை செய்திருக்க வேண்டும் என்று அவர் கேட்கலாம். பல்கலைக்கழகத்தின் ஓய்வூதிய விதிகளில், நிரந்தரத்திற்கு முந்தைய பணியின் ஒரு பகுதியைச் சேர்க்கும் விதி இருக்கிறதா என்பதையும் பார்க்க வேண்டும். உத்தரப் பிரதேசத்தைச் சேர்ந்த பிரேம் சிங் வழக்கில், வரன்முறைக்கு முந்தைய வேலைக்கணக்குப் பணியையும் (குறிப்பிட்ட வேலையின் செலவுக் கணக்கில் ஊதியம் பெற்ற பணி) ஓய்வூதியத்திற்குக் கணக்கிட வேண்டும் என்று 2019இல் உச்ச நீதிமன்றம் கூறியிருப்பது துணைநிற்கும். ஆனால் அது அந்த மாநில விதிகளை ஒட்டிய தீர்ப்பு.

இப்போது செய்ய வேண்டியது ஒன்று. ஓய்வு பெற்றபின் பதிவேடுகளைப் பெறுவது கடினம் என்பதால், தந்தை பணியில் இருக்கும்போதே தம் பணிப்பதிவேட்டின் சான்றிட்ட நகலைக் கேட்டு விண்ணப்பிக்கட்டும். பழைய தினக்கூலி வருகைப் பட்டியல்கள் தோட்டப் பிரிவில் இல்லாமல் கணக்குப் பிரிவின் ஊதியச் சீட்டுகளோடு கட்டப்பட்டிருக்கவே வாய்ப்பு அதிகம். ஆகவே விண்ணப்பத்தில் இரண்டு பிரிவுகளையும் குறிப்பிடச் சொல்லுங்கள். 2003க்கு முந்தைய ஆண்டுகளில் அவருடைய கைநாட்டோ கையொப்பமோ உள்ள பக்கங்கள் கிடைத்தவுடன், 2008 ஆணையின் நகலையும் சேர்த்து எழுதுங்கள். வழக்குத் தொடரத்தக்கதா என்பதை அந்தத் தாள்களைப் பார்த்தபின்தான் சொல்ல முடியும்.